ஐந்து நாளில் ஆறு தேர்வு

ஆறு தேர்வுகளை ஐந்து நாளில் நடத்தலாம், அதனால் எந்த மாணவனுக்கும் ஒரே நேரத்தில் இரண்டு தேர்வு வராது என்கிற கணித உண்மை, சம்பாவதி தொழில்நுட்பப் பல்கலைக்கழகத்தில் ஓட்டெடுப்பில் நிறைவேறியது. எதிர்த்து விழுந்தது ஒரே ஓட்டு. அது என்னுடையது. தீர்மானத்தில் என் பெயருக்குப் பக்கத்தில் 'கணித ஆசிரியை, ஆகவே நடைமுறை தெரியாதவர்' என்று குறித்திருந்தார்கள்.

விசாகப்பட்டினத்துக்கு மேலே, விஜயநகரத்தில், அந்தப் பல்கலைக்கழகத்தோடு இணைந்த ஒரு கல்லூரியில் நான் தனிநிலைக் கணிதம் நடத்துகிறேன். பையன்கள் வாயில் அது டிஸ்க்ரீட் மேத்ஸ். எண்ணக்கூடியவற்றைப் பற்றிய கணக்கு. உண்டா இல்லையா, எத்தனை வழி, எது எதோடு சேரும், எது சேராது என்பதுதான் பாடம். கம்ப்யூட்டரின் வயிற்றுக்குள் ஓடுவதெல்லாம் இதுதான் என்று வருஷா வருஷம் முதல் வகுப்பில் சொல்வேன். வருஷா வருஷம் பாதி வகுப்பு தூங்கும்.

பைடிராஜுவும் தூங்கியவன்தான். மூன்று முறை இந்தப் பாடத்தில் தவறினான். ஒரு நாள் மட்டும் விழித்திருந்ததாக நினைவு. 'பொய்யான ஒன்றை உண்மை என்று ஒத்துக்கொண்டுவிட்டால், அதை வைத்து எதை வேண்டுமானாலும் நிறுவலாம்' என்று அன்றைக்குச் சொல்லிக்கொண்டிருந்தேன். அவன் கையைத் தூக்கி, "அப்படி ஒரு இடம் எங்க மேடம் இருக்கு?" என்று கேட்டான். வகுப்பு சிரித்தது. அவன் கிண்டல் பண்ணவில்லை, தெரிந்துகொள்ளத்தான் கேட்டான். எனக்குத்தான் பதில் தெரியவில்லை.

அவனுக்கு இன்னொரு பாடமும் பாக்கி இருந்தது: மனித விழுமியங்களும் தொழில் நெறிகளும். சுருக்கமாக வேல்யூஸ். 'நேர்மை என்றால் என்ன?' என்ற கேள்விக்கு நான்கு வரி எழுதியிருந்தான். நான்கு பக்கம் எழுதியவர்கள் தேறினார்கள்.

இந்த இரண்டையும் தாண்டினால் பட்டம். பட்டம் கையில் வந்தால் வேலை. ஐதராபாத்தில் ஒரு மென்பொருள் கம்பெனி அவனை எடுத்துக்கொண்டிருந்தது. சங்கராந்திக்குள் சான்றிதழோடு வா, இல்லாவிட்டால் வராதே என்று கடிதம் அனுப்பியிருந்தது. அப்பா வேலை பார்த்த சணல் மில் மூடிக் கிடந்தது. தசராவுக்குப் பிறகு நடக்கும் துணைத்தேர்வுதான் அவனுக்குக் கடைசி வாய்ப்பு. அதை விட்டால் படிப்புக் காலமே முடிந்துபோகும்.

துணைத்தேர்வில் ஆறு பாடங்கள். திங்கள் முதல் சனி வரை ஆறு நாள். நாளுக்கு ஒன்று, காலை பத்து மணிக்கு. இதுவரை ஒரு வம்பும் இல்லை. ஆனால் அந்த வாரத்துச் செவ்வாய்க்கிழமை பைடிதல்லி அம்மனின் சிரிமானு திருவிழா. ஊரே தெருவில் நிற்கும், அன்றைக்குத் தேர்வு வைக்க முடியாது. பைடிராஜுவுக்குப் பெயர் கொடுத்த அம்மன்தான் அவனுடைய ஒரு நாளையும் எடுத்துக்கொண்டாள்.

அடுத்த திங்களுக்குத் தள்ளலாமே என்று யாருக்கும் தோன்றும். தள்ள முடியாது. 'ஒரே வாரத்தில் துணைத்தேர்வு! நாட்டுக்கே வழிகாட்டி!' என்று துணைவேந்தர் படத்தோடு ஊர் முழுக்கப் பேனர் கட்டியாகிவிட்டது. பிற்பகலில் வைக்கலாமா? அதுவும் முடியாது. முன்பு ஒரு முறை மதியச் சாப்பாட்டு நேரத்தில் வினாத்தாள் வெளியே போய்விட்டதால், பல்கலைக்கழகம் பிற்பகலையே ஒழித்துவிட்டது. ஆகவே சனிக்கிழமையில் இரண்டு பாடம் வந்து விழுந்தது. டிஸ்க்ரீட் மேத்ஸ், காலை பத்து மணி. வேல்யூஸ், காலை பத்து மணி.

பைடிராஜு தேர்வுப் பிரிவுக்கு ஓடினான். ஜன்னலுக்குப் பின்னால் எழுத்தர் சிம்மாசலம் உட்கார்ந்திருந்தார்.

"சார், ரெண்டு பரீட்சையும் ஒரே நாள், ஒரே நேரம் வருது."

சிம்மாசலம் அட்டவணையைப் பார்த்தார். "ஆமா, வருது. அதுக்கென்ன இப்ப?"

"ரெண்டையும் நான் எழுதணும் சார்."

"எழுதேன். யாரு வேணாங்கறா? ரெண்டுக்கும் ஹால் டிக்கெட் குடுத்திருக்கோம்ல?"

"ஒரே நேரத்துல ரெண்டு எப்படி சார் எழுதறது?"

"பாபு, எப்படி எழுதறதுன்னு சொல்லிக் குடுக்கறது காலேஜோட வேலை. எழுத விடறதுதான் எங்க வேலை. எங்க வேலைய நாங்க ஒழுங்கா பண்ணியிருக்கோம்."

"டைம்டேபிள் தப்பு சார்."

சிம்மாசலத்தின் முகம் மாறியது. "தப்பா? மனுஷன் போட்டாத்தான் தப்பு வரும். இது கம்ப்யூட்டர் போட்டது, தெரியுமா? புதுசா சாஃப்ட்வேர் வாங்கியிருக்கோம்."

"கம்ப்யூட்டர் இப்படியா போட்டுச்சு?"

"மொதல்ல 'சாத்தியமில்லை'ன்னு செகப்பு எழுத்துல காட்டுச்சு. எத்தன தடவ தட்டினாலும் அதேதான். கண்ட்ரோலர் சாருக்குக் கோபம் வந்துடுச்சு. விக்கும்போது இனிக்க இனிக்கப் பேசிட்டு இப்ப சாத்தியமில்லைன்னா எப்படின்னு கம்பெனிக்காரனக் கூப்பிட்டுக் கேட்டாரு. அவன் வந்து மாத்திக் குடுத்தான்."

"என்ன மாத்தினான்?"

"எழுத்த. இப்ப 'வாழ்த்துகள்'னு பச்சையா வருது. அதுக்கப்புறம் ஒரு பிரச்சினையும் இல்ல."

அங்கிருந்து அவன் நேராக என்னிடம் வந்தான். கண் கலங்கியிருந்தது. ஆறுதல் சொல்ல எனக்கு வராது. சாக்பீசைக் கையில் கொடுத்தேன்.

"ஒவ்வொரு பாடத்துக்கும் ஒரு புள்ளி வை. ரெண்டு பாடத்தையும் எழுதறவன் ஒருத்தனாவது இருந்தா, அந்த ரெண்டு புள்ளிக்கு நடுவுல ஒரு கோடு போடு. கோடு இருக்கற ரெண்டு பாடத்த ஒரே நாள்ல வைக்கக்கூடாது. எத்தன நாள் வேணும்னு நீயே பாரு."

விடுதிகளில் விசாரித்துக்கொண்டு மறுநாள் வந்து போட்டான். எந்த இரண்டு பாடத்தை எடுத்தாலும் இரண்டிலும் மாட்டிக்கொண்ட ஒருத்தனாவது இருந்தான். ஆறு புள்ளியும் ஒன்றோடொன்று கோட்டால் பின்னிக்கொண்டன. டிஸ்க்ரீட் மேத்ஸுக்கும் வேல்யூஸுக்கும் நடுவில் இருந்த கோட்டில் மட்டும் ஒரே ஒரு ஆள், பைடிராஜு.

பலகையையே பார்த்துக்கொண்டு நின்றான். "மேடம், எந்த ரெண்டும் சேராது. அப்ப ஆறு நாள் வேணும்."

"வேணும்."

"அஞ்சு நாள்ல யாரு வந்தாலும் முடியாது."

"யாரு வந்தாலும் முடியாது."

"கம்ப்யூட்டர் செகப்புல சொன்னது இதத்தானா?"

"இதேதான். உள்ள இந்தப் புள்ளியும் கோடும்தான் இருக்கு."

"இத ஏன் மேடம் மொதல்லயே சொல்லித் தரல?"

மூன்று வருஷமாக இதே படத்தை இதே பலகையில் போட்டிருக்கிறேன். ஒருவனுக்கு ஒரு பாடம் புரிய, அந்தப் பாடம் அவன் கழுத்தைப் பிடிக்க வேண்டியிருக்கிறது.

கண்ட்ரோலர் என்று எல்லாரும் கூப்பிடும் தேர்வுக் கட்டுப்பாட்டு அதிகாரி டாக்டர் ஜோகாராவை அறையில் பிடிப்பது நடக்காத காரியம். அந்த வாரம் பல்கலைக்கழகத்தில் ஒரு தேசியக் கருத்தரங்கு. தலைப்பு, 'கணினி அறிவியலில் தனிநிலைக் கணிதத்தின் பங்கு'. நாற்காலிகளை நிரப்ப மாணவர்களை லாரி லாரியாக அழைத்து வந்திருந்தார்கள். பைடிராஜுவும் ஒரு நாற்காலியை நிரப்பினான். பக்கத்தில் நான்.

குத்துவிளக்கேற்றினார்கள். பொன்னாடை போர்த்தினார்கள். போர்த்தியவருக்கு இன்னொருவர் போர்த்தினார். பிறகு ஜோகாராவ் மைக்கைப் பிடித்தார். ஆள் நல்ல உயரம், குரல் அதைவிட உயரம்.

"தனிநிலைக் கணிதம் இல்லையென்றால் கம்ப்யூட்டர் இல்லை! கம்ப்யூட்டர் இல்லையென்றால் இந்தியா இல்லை! கம்ப்யூட்டருக்குத் தெரிந்தது இரண்டே இரண்டுதான். பூஜ்யம், ஒன்று. நம் பல்கலைக்கழகத்துக்கும் தெரிந்தது இரண்டே இரண்டுதான். ஃபெயில், பாஸ். கம்ப்யூட்டர் காரணம் கேட்காது. நாமும் கேட்பதில்லை. கம்ப்யூட்டருக்கு இரக்கம் கிடையாது. நமக்கும் கிடையாது. ஆகவே நம் பல்கலைக்கழகமே ஒரு மாபெரும் கம்ப்யூட்டர் என்பதை நான் பெருமையோடு நிறுவுகிறேன்!"

கைதட்டல் அடங்க நேரமானது. மேடையை விட்டு இறங்கியவரைப் பைடிராஜு மறித்து, படம் போட்ட தாளை நீட்டினான். ஆறு நாளுக்குக் குறையாது என்ற நிறுவலையும் அடியில் எழுதியிருந்தான். ஜோகாராவ் தாளைத் தலைகீழாகப் பிடித்துப் பார்த்தார். அந்தப் படத்துக்கு அதனால் ஒரு நஷ்டமும் இல்லை.

"யாரு பண்ணது இது?"

"நான்தான் சார்."

"டிஸ்க்ரீட் மேத்ஸ்ல நீ பாஸா?"

"இல்ல சார். அத எழுதத்தான்..."

"பாஸாகாத சப்ஜெக்ட்ல நிறுவல் குடுக்கறியே, வெக்கமா இல்ல? லைசென்ஸ் இல்லாம பஸ் ஓட்டுவியா? மொதல்ல பாஸ் பண்ணு. அப்புறம் கொண்டா, பாக்கறேன்."

பைடிராஜு விரல்விட்டு எண்ணினான். "சார், நான் பாஸ் பண்ணணும்னா டைம்டேபிள் மாறணும். டைம்டேபிள் மாறணும்னா இந்த நிறுவல் செல்லணும். நிறுவல் செல்லணும்னா நான் பாஸ் பண்ணியிருக்கணும்."

ஜோகாராவின் முகம் மலர்ந்தது. சுற்றி நின்றவர்களிடம் சொன்னார்: "பாத்தீங்களா, எங்கயும் ஓட்டையில்லாம எப்படிச் சுத்தி வருது! இதத்தான்யா சிஸ்டம்னு சொல்றது."

எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. "நான் பாஸ் சார். அந்தப் பாடத்த நடத்தறவளே நான்தான். நிறுவல் சரி. நான் கையெழுத்துப் போடறேன்."

அவர் என்னைப் பார்த்த பார்வையில், விளக்கேற்றிய இடத்தில் ஒருத்தி ஊதி அணைத்துவிட்டாளே என்ற வருத்தம் இருந்தது. "அப்ப இது கமிட்டி விஷயம்" என்றார்.

கமிட்டியில் ஆறு பேர். தலைவர் பேராசிரியர் லிங்கமூர்த்தி, கணினித் துறையின் மூத்தவர். டிஸ்க்ரீட் மேத்ஸுக்கு அவர் போட்ட கைடுதான் ஜில்லா முழுக்க விற்கிறது. அதில் கேள்விகள் எல்லாம் சரியாக இருக்கும். அடுத்து ஜோகாராவ், பிறகு நான். மற்ற மூவர், எந்தக் கமிட்டியானாலும் வந்து உட்காருகிறவர்கள். புகார்க்காரன் என்ற முறையில் பைடிராஜு சுவரோரம் நின்றான்.

முதல் வேலையாக ஆவடா வந்தது. தயிரில் ஊறின வடைக்கு எங்கள் பக்கத்தில் அதுதான் பெயர். சிம்மாசலம் ஐந்து தட்டு கொண்டுவந்து வைத்தார். ஐந்து பேர் சாப்பிட்டார்கள்.

"சார், மேடத்துக்குத் தட்டு வரல" என்றான் பைடிராஜு.

சிம்மாசலம் எண்ணிப் பார்த்தார். "அஞ்சு தட்டு சரியாத்தான இருக்கு? இன்னிக்குச் சனிக்கிழம. மேடம் வெரதமா இருப்பாங்க."

நான் விரதம் இல்லை. காலையிலிருந்து ஒன்றும் சாப்பிடவும் இல்லை. ஆனால் நிரூபிக்க வேறு உதாரணம் தேட வேண்டாமே என்று எழுந்தேன். "இதான் சார் விஷயம். ஆறு புறா, அஞ்சு கூண்டு. எப்படி அடைச்சாலும் ஏதாவது ஒரு கூண்டுல ரெண்டு புறா இருந்தே தீரும்."

லிங்கமூர்த்தி தயிரை வழித்தபடி யோசித்தார். "ஒரு புறா லீவுல இருந்தா?"

"இருந்தாலும் அது புறாதான சார்?"

"அட்டெண்டன்ஸ்ல வராதேம்மா."

ஜோகாராவ் படத்தை மேசையில் விரித்தார். "கணக்கெல்லாம் இருக்கட்டும். மேடம், இந்த ரெண்டு புள்ளிக்கு நடுவுல இருக்கற கோடுதான உங்க கஷ்டம்? இந்த ஒரு கோட்ட அழிச்சா அஞ்சு நாள் போதுமா?"

கணிதம் பொய் சொல்லவிடாது. "போதும்" என்றேன்.

"அந்தக் கோடு யாரு?"

"நான்தான் சார்" என்றான் பைடிராஜு சுவரோரத்திலிருந்து.

ஐந்து பேரும் திரும்பி அவனைப் பார்த்தார்கள். ஒரு பல்கலைக்கழகத்தின் பெருமைக்குக் குறுக்கே நிற்கும் கோடு இவ்வளவு ஒல்லியாக இருக்கும் என்று யாரும் எதிர்பார்க்கவில்லை.

"பாபு" என்றார் ஜோகாராவ் அன்பாக. "நீ வெலகிக்கோ. உன் ஒருத்தனால எவ்வளவு பேருக்குத் தொந்தரவு பாரு."

"வெலகினா வேல போயிடும் சார். எனக்கு இதுதான் கடைசி சான்ஸ்."

"நாங்களே ரத்து பண்ணிடலாமே" என்றார் வந்து உட்காருகிற மூவரில் ஒருவர்.

சிம்மாசலம் பதறிப்போனார். "ரத்து பண்ணா கட்டின ஃபீஸத் திருப்பித் தரணும் சார்! அதுக்கு நம்மகிட்ட விதியே இல்ல. இதுவரைக்கும் தந்ததே இல்ல."

நடக்க முடியாதது ஒன்று உண்டு என்பதை அன்றைக்கு அந்தக் கமிட்டி முதன்முதலாக ஒத்துக்கொண்டது. அவனை அழிக்கவும் வழியில்லை, நாளைக் கூட்டவும் வழியில்லை. லிங்கமூர்த்தி வாயைத் துடைத்துக்கொண்டு எழுந்தார்.

"கணினி அறிவியலின் அஸ்திவாரம் தனிநிலைக் கணிதம். நாற்பது வருஷமா அதுக்காகவே வாழ்ந்தவன் நான். அந்தக் கணிதத்து மேல எனக்கு இருக்கற மரியாதையினால சொல்றேன். அத வகுப்புக்குள்ளயே வச்சுக்கணும். நிர்வாகத்துல கொண்டுவந்து அசிங்கப்படுத்தக் கூடாது. ஓட்டுக்கு விடுவோம்."

விட்டார்கள். 'இப்பல்கலைக்கழகத்தில் எந்த மாணவருக்கும் ஒரே நேரத்தில் இரண்டு தேர்வுகள் இல்லை. ஆறு தேர்வுகளுக்கு ஐந்து நாட்கள் போதுமானவை.' ஐந்துக்கு ஒன்று. கீழே ஜோகாராவ் கையெழுத்துப் போட்டு முத்திரை குத்தினார். பைடிராஜு ஒரு நகல் கேட்டான். அழியாத பெருமையாயிற்றே என்று சந்தோஷமாகக் கொடுத்தார்கள்.

தேர்வுச் சனிக்கிழமை வந்தது. இரண்டு தேர்வுக்கும் ஒரே கூடம். இடது பக்கம் டிஸ்க்ரீட் மேத்ஸ், வலது பக்கம் வேல்யூஸ். வாசலில் கூடத்துக்கு ஒன்றாக ஒரே வருகைப் பட்டியல், அதில் ஒரு கையெழுத்து. உள்ளே பைடிராஜுவின் எண் இரண்டு நாற்காலியில் ஒட்டியிருந்தது. அவன் இடது பக்கம் உட்கார்ந்தான். வலது பக்கத்து நாற்காலி மூன்று மணி நேரம் அவனைப் பார்த்துக்கொண்டு காலியாகக் கிடந்தது.

வினாத்தாளில் கட்டாயக் கேள்வி ஒன்று. 'ஆறு பாடங்கள். எந்த இரண்டை எடுத்தாலும் இரண்டையும் எழுதும் மாணவர் ஒருவராவது உண்டு. யாருக்கும் ஒரே நாளில் இரண்டு வராமல் நடத்தக் குறைந்தது எத்தனை நாட்கள் தேவை? நிறுவுக.' கமிட்டியில் தனக்குக் கிடைத்த அனுபவத்தை வீணாக்க மனமில்லாமல் லிங்கமூர்த்தி போட்ட கேள்வி. பைடிராஜு ஆறு என்று எழுதி, இரண்டு பக்கத்துக்கு நிறுவினான்.

விடைத்தாள் திருத்தப் போனேன். திருத்துவோருக்குத் தரும் விடைக்குறிப்பில் அந்தக் கேள்விக்கு நேரே 'ஐந்து (கமிட்டித் தீர்மானப்படி)' என்று இருந்தது. பேனாவை மூடி வைத்துவிட்டு வெளியே வந்துவிட்டேன். எனக்கு வந்த விடைத்தாள் கட்டை வேறொருவர் திருத்தினார். அவர் வரலாற்றுப் பாடத்துக்காரர், அதனால் வேலை சீக்கிரம் முடிந்தது.

முடிவு வந்தது. டிஸ்க்ரீட் மேத்ஸில் மற்றக் கேள்விகளின் புண்ணியத்தில் பைடிராஜு விளிம்பில் தப்பித் தேறியிருந்தான். வேல்யூஸ், வரவில்லை, ஃபெயில். சங்கராந்தி எட்டிப் பார்த்துக்கொண்டிருந்தது. அவனுடைய அப்பா என் வீட்டு வாசலில் வந்து நின்றார்.

மறுநாள் நானும் பைடிராஜுவும் ஜோகாராவின் அறைக்குப் போனோம். சிம்மாசலமும் அங்கே நின்றிருந்தார். அந்தக் கட்டாயக் கேள்வியில் இருந்துதான் பைடிராஜு ஆரம்பித்தான்.

"ஆறுதான சார் சரி? மார்க் போடுங்க சார்."

ஜோகாராவ் நாற்காலியில் சாய்ந்தார். "சரி, ஆறுன்னே வச்சுப்போம். ஆறு சரின்னா அஞ்சு நாள் டைம்டேபிள் தப்பு. டைம்டேபிள் தப்புன்னா அந்தப் பரீட்சை செல்லாது. பரீட்சை செல்லாதுன்னா உன் விடைத்தாளும் செல்லாது. உன் விடைத்தாள் செல்லாதுன்னா நீ ஆறுன்னே எழுதல. எழுதாததுக்கு எப்படிப்பா மார்க் போடறது?"

எனக்குத் தூக்கிவாரிப்போட்டது. ஒரு கூற்றை எடுத்துக்கொண்டு, அது எங்கே இடிக்கிறது என்று காட்டி, அதனால் அது கூடாது என்று முடித்திருந்தார். எங்கள் வகுப்பில் இரண்டு மாதம் நடத்தியும் பையன்களுக்கு வராத முறை அது. டாக்டர் ஜோகாராவ் வாழ்க்கையில் செய்த ஒரே நிறுவல் அதுவாகத்தான் இருக்கும்.

பைடிராஜு தலையை ஆட்டினான். தோற்றுப்போய்விட்டான் என்றுதான் நினைத்தேன்.

"சரி சார், ஒத்துக்கறேன். அஞ்சுதான்."

"நல்ல பையன்."

"அப்ப தீர்மானப்படி எனக்கு ஒரே நேரத்துல ரெண்டு பரீட்சை இல்ல."

"இல்லவே இல்ல."

அவன் பையிலிருந்து அந்த முத்திரை குத்தின நகலை எடுத்து மேசையில் வைத்தான். "சனிக்கிழம பத்து மணிக்கு வேல்யூஸ் இருந்துச்சு. உங்க டைம்டேபிள்ல இருக்கு. அன்னிக்குப் பத்து மணியிலருந்து ஒரு மணி வரைக்கும் நான் ஹால்ல இருந்தேன். வருகைப் பட்டியல்ல கையெழுத்து இருக்கு. அந்த நேரத்துல எனக்கு வேற பரீட்சை கெடையாதுன்னு நீங்களே கையெழுத்துப் போட்டிருக்கீங்க. அப்ப மூணு மணி நேரம் உக்காந்து நான் என்ன சார் எழுதினேன்?"

சிம்மாசலம்தான் முந்திக்கொண்டார். "வேல்யூஸ்தான் எழுதியிருக்கணும். வேற என்ன இருக்கு?"

"அப்ப என் வேல்யூஸ் பேப்பர் எங்க சார்?"

ஜோகாராவ் நகலை எடுத்து முத்திரையைத் தடவிப் பார்த்தார்.

"டேய், டிஸ்க்ரீட் மேத்ஸ் எப்பப்பா எழுதின?" என்றார் ஜோகாராவ், குரல் கொஞ்சம் இறங்கி.

"அது எப்ப எழுதியிருந்தா என்ன சார்? பேப்பர் உங்ககிட்ட பத்திரமா இருக்கு, மார்க்கும் போட்டாச்சு. இப்பக் காணாமப் போனது வெளிய போன கேள்வித்தாள் இல்ல, எழுதின விடைத்தாள். பல்கலைக்கழகத்துல எழுதின பேப்பர் காணாமப் போச்சுன்னு பேப்பர்காரங்களுக்குத் தெரிஞ்சா..."

அவன் முடிக்கவில்லை, முடிக்க வேண்டியும் இருக்கவில்லை. ஊர் முழுக்கக் கட்டிய பேனர்கள் ஜோகாராவின் கண்ணில் வரிசையாக வந்து போயிருக்க வேண்டும். "தேடுங்கய்யா!" என்று சிம்மாசலத்தைப் பார்த்துக் கத்தினார்.

இரண்டு நாள் தேடினார்கள். பரணைக் கவிழ்த்தார்கள், மூட்டைகளை அவிழ்த்தார்கள். யாரும் எழுதாத விடைத்தாளை ஒரு பல்கலைக்கழகமே வேர்த்து விறுவிறுத்துத் தேடியதை நான் கண்ணாரப் பார்த்தேன். கிடைக்கவில்லை. அதைக் காப்பாற்றத் தவறியதற்காக ஒரு காவலாளிக்கு விளக்கம் கேட்டுக் கடிதம்கூடப் போனது.

காணாமல் போன விடைத்தாளுக்குப் பல்கலைக்கழகத்தில் விதி இருந்தது. முன்பு பெரிய இடத்துப் பையன் ஒருவனின் விடைத்தாள் தொலைந்தபோது, அவன் வசதிக்காக எழுதின விதி. அந்தப் பாடத்தில் யார் எடுத்தது மிக அதிகமோ, அதே மதிப்பெண்ணைத் தர வேண்டும். தந்தார்கள். பைடிராஜு மனித விழுமியங்களில் பல்கலைக்கழகத்திலேயே முதல் மாணவனானான். சங்கராந்திக்கு முன்பே நடந்த பட்டமளிப்பு விழாவில் நேர்மைக்கான பதக்கத்தை லிங்கமூர்த்தியே அவன் கழுத்தில் போட்டார். இன்றைய இளைஞர்கள் இவனைப் பார்த்துக் கற்க வேண்டும் என்று மைக்கிலும் சொன்னார்.

இறங்கி வந்தவன் என் காலைத் தொட்டான். எழுந்தபோது அவன் முகத்தில் சிரிப்பு இல்லை.

"மேடம், பொய்ய உண்மைன்னு ஒத்துக்கிட்டா எதையும் நிறுவலாம்னு சொன்னீங்களே. அப்படி ஒரு இடம் எங்க இருக்குன்னு நான் கேட்டேன்."

"ஞாபகம் இருக்கு."

"ரெண்டு பக்கம் எழுதின ஆறுக்கு ஒரு மார்க்கும் வரல மேடம். எழுதாததுக்குத்தான் மெடல்" என்று பதக்கத்தைக் கழற்றிச் சட்டைப் பைக்குள் போட்டுக்கொண்டான். அன்றிரவே ஐதராபாத்துக்கு ரயிலேறினான்.

லிங்கமூர்த்தியின் கைடு புதுப் பதிப்பு வந்துவிட்டது. அந்தக் கேள்வியும் அதில் இருக்கிறது, விடை ஐந்து. கல்லூரி வாசலில் பேனரும் புதிது, துணைவேந்தரின் படம் மட்டும் கொஞ்சம் பெரிதாகியிருக்கிறது. இந்த வருஷமும் சிரிமானு செவ்வாய்க்கிழமைதான்.

போன வாரம் வகுப்பில் ஆறு புள்ளி வைத்து, எல்லாக் கோடும் போட்டு, ஆறு நாளுக்கு ஒரு நாள் குறையாது என்று நிறுவினேன். அதிசயமாக யாரும் தூங்கவில்லை. முதல் வரிசையில் ஒரு பெண் கையைத் தூக்கினாள்.

"புரிஞ்சுது மேடம். பரீட்சையில எத்தனன்னு எழுதணும்?"

நான் பலகையைப் பார்த்தேன். அவளைப் பார்த்தேன். அவளுக்கும் ஏதோ ஒரு ஊரில் ஏதோ ஒரு வேலை காத்திருக்கும்.

"அஞ்சு" என்றேன்.

எல்லாரும் எழுதிக்கொண்டு, அடிக்கோடும் போட்டார்கள்.